பரண் மேல் நாற்பத்தொரு டப்பா

ஆவடி குவார்ட்டர்ஸில் நாங்கள் இருந்த பதினெட்டு வருஷமும் எங்கள் வீட்டுப் பரணில் எங்கள் சாமான் ஒன்றுகூட ஏறியதில்லை. மற்ற வீடுகளில் வெண்கலப் பானை, கிழிந்த மெத்தை, கிறிஸ்துமஸ் ஸ்டார் எல்லாம் பரணில் கிடக்கும். எங்கள் பரணில் பால் பவுடர் டப்பாதான். வீட்டைக் காலி செய்கிற அன்று எண்ணிப் பார்த்தேன், நாற்பத்தொன்று இருந்தது. ஒவ்வொன்றுக்குள்ளும் யாரோ ஒருத்தருடைய ஞாபகம். தலைக்குள் வைத்திருந்தால் ஆளையே முடித்துவிடும் என்கிற மாதிரி ஞாபகம்.

இப்போது யாராவது இதைப் பற்றிக் கேட்டால் வாயைப் பிளந்துகொண்டு கேட்கிறார்கள். பிளக்க ஒன்றும் இல்லை. தொண்டையில் மீன் முள் சிக்கினால் எடுத்துப் போடுகிறோமே, அந்த மாதிரி ஒரு வேலை. எங்கள் சர்ச் ஐயர் ஒரு தடவை வீட்டுக்கே வந்து இது ஜெபமா மந்திரமா என்று கேட்டார். இரண்டும் இல்லை ஐயா, வாளியும் தண்ணியும்தான் என்றேன். காப்பி குடித்துவிட்டுப் போய்விட்டார்.

கல்யாணத்துக்கு முன்னால் நான் அம்பத்தூரில் ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் ஆயாவாக இருந்தேன். தீக்காயம் பட்டவர்கள் வருவார்கள். காயம் ஆறிவிடும், ஆனால் அடுப்பைப் பார்த்தால் ஓடுவார்கள். அங்கே ஒரு நர்ஸ் இதைச் செய்வாள். நான் வாளி பிடிப்பேன். பிடித்துப் பிடித்துக் கற்றுக்கொண்டேன். அவ்வளவுதான் என் படிப்பு.

செய்முறை இதுதான். ஆளை ஸ்டூலில் உட்கார வைத்து இரண்டு காலையும் வாளித் தண்ணீரில் விடச் சொல்ல வேண்டும். இடது கையில் ஒரு பிடி பனியன் வேஸ்ட். பேக்டரியில் மிஷின் துடைக்கத் தருவார்களே, அந்தத் துணிப் பிசிறு. அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, நடந்ததைக் கடைசியிலிருந்து ஆரம்பம் வரைக்கும் பின்னாலிருந்து சொல்ல வேண்டும். மூன்று தடவை. முதல் தடவை அழுவார்கள். இரண்டாவது தடவை தடுமாறுவார்கள். மூன்றாவது தடவை சொல்லச் சொல்ல, சொன்ன இடம் வரைக்கும் கழன்று கைக்கு வந்துவிடும். வேஸ்ட் சூடாகி ஈரமாகும். உடனே இடுக்கியால் எடுத்து டப்பாவில் போட்டு, மூடி, மெழுகுவர்த்தியை உருக்கிச் சுற்றிலும் ஊற்றிவிட வேண்டும். வெறும் கையால் தொடக் கூடாது. யார் கையில் அது காய்கிறதோ அவருக்கே போய்விடும். சொந்தக்காரர் பிறகு திரும்ப வேண்டும் என்றால் இடது கையில் காயும் வரை பிடித்திருந்தால் போதும். ஆரம்பம் வரை போகாமல் பாதியில் நிறுத்தக் கூடாது, மிச்சம் தலைக்குள் அரைகுறையாக நிற்கும் என்று நர்ஸ் சொல்லியிருந்தாள்.

எடுக்கிறது பெரிய விஷயம் கிடையாது. வைக்கிறதுதான் பாடு. ஒரு தடவை, கிணற்றில் பிள்ளையைப் பறிகொடுத்த ஒருத்தியின் டப்பாவை, அவள் ஊரோடு போன பிறகு, சேக்காடு பக்கம் காலி மனையில் வைத்துக் கொளுத்தினேன். புகை போன திசையில் ஆறு வீட்டுப் பெண்கள் தங்கள் பிள்ளைகளைக் கட்டிப் பிடித்துக்கொண்டு சாயங்காலம் வரை அழுதார்கள். அதற்குப் பிறகு நான் எதையும் கொளுத்தவில்லை.

இன்னொன்றும் யாரும் யோசிப்பதில்லை. சொல்கிறவர்களுக்குக் கழன்று போய்விடும். உட்கார்ந்து கேட்கிற எனக்கு? மூன்று தடவை, பின்னாலிருந்து, ஒன்று விடாமல் கேட்டிருக்கிறேன். எனக்கு வாளி பிடிக்க யாரும் கிடையாது.

அதனால் கண்டதற்கும் எடுக்க மாட்டேன். உயிருக்கு ஆபத்து என்றால்தான். அடுத்த லைனில் இருந்த ஒருத்தி வந்து நின்றாள்.

"யக்கா, எங்க மாமியார் பேசுனது மனசுலயே கீதுக்கா. அத்த மட்டும் எடுத்துடேன்."

"அதுக்கு டப்பா பத்தாதுமே. லாரிதான் வரணும். போய் வேலயப் பாரு."

காலேஜ் படிக்கிற பையன் ஒருத்தன் ஒரு பெண்ணின் முகம் மறக்க வேண்டும் என்றான். அவ உன்ன மறந்துட்டாளா என்று கேட்டேன். ஆமாம் என்றான். அப்ப எப்பிடி மறந்தான்னு அவகிட்டயே கேட்டுக்கோ என்று அனுப்பிவிட்டேன். எனக்கு வாய் துடுக்கு என்று லைன் முழுக்கப் பேச்சு. யார் முகத்துக்கு நேராகவும் எதையும் சொல்லிவிடுவேன் என்று நானே நினைத்துக்கொண்டிருந்த காலம் அது.

டப்பாவில் எழுதுகிறது என் வீட்டுக்காரர் வேலை. அவர் திருநெல்வேலிப் பக்கம், பேக்டரியில் ஸ்டோர் கீப்பர். நட்டு, போல்ட்டு, பேரிங் எல்லாவற்றையும் எண் போட்டு அடுக்கி வைத்துக் கேட்டவர்களுக்கு எடுத்துக் கொடுக்கிற வேலை. வீட்டிலும் அதே புத்தி. பேர் எழுதுங்கள் என்று நான் சொன்னேன்.

"ஏளா, பேரை எழுதினா வீட்டுக்கு வாரவன் பூரா அண்ணாந்து பாத்துப் படிச்சிருவான். மனுசனுக்கு மானம் உண்டும்லா? டோக்கன் நம்பர் போடுதேன். ஒரு பயலுக்கும் தெரியாது."

"நம்பர் மாறிப் போச்சுன்னா?"

"இத்தன வருசமா ஸ்டோர் பாக்கேன். ஒரு வாஷர் மாறியிருக்கா?"

மாறியதில்லை. அது உண்மை. பேக்டரியில் ஒவ்வொரு தொழிலாளிக்கும் ஒரு டோக்கன் எண் உண்டு. அந்த எண்ணைச் சிவப்பு பெயின்டில் எழுதி, கீழே வருஷத்தைச் சின்னதாகப் போட்டுப் பரணில் வரிசையாக அடுக்குவார். எண் வாரியாக, பழையது முன்னால், புதியது பின்னால். ஸ்டோரில் அப்படித்தானாம்.

எண்பதுகளின் ஆரம்பத்தில் பேக்டரியில் ஒரு சாவு விழுந்தது. கிரேனில் தூக்குகிற பாரத்துக்குச் சங்கிலி மாட்டுகிறவரைக் கலாசி என்பார்கள். அந்தக் கலாசி மேலேயே பாரம் இறங்கிவிட்டது. சங்கிலி நழுவிவிட்டது என்று விசாரணையில் எழுதி மூடினார்கள். அவருடைய மனைவிக்குக் கேன்டீனில் வேலை கொடுத்தார்கள். ஐந்து வயதில் ஒரே பையன். எங்கள் வீட்டுக்கு மூன்றாவது லைனில் இருந்தார்கள்.

சாவு நடந்து இரண்டு மாதம் இருக்கும். கிரேன் ஓட்டுகிறவரை அவர் மனைவி என்னிடம் கூட்டி வந்தாள். செத்தவரும் இவரும் உயிர் சிநேகிதர்கள். இவர் சாப்பிடுவதில்லை, வேலைக்குப் போவதில்லை. நெமிலிச்சேரி ஸ்டேஷன் தாண்டித் தண்டவாளத்துக்குப் பக்கத்தில் போய் நின்றுகொண்டிருந்தவரை இரண்டு தடவை இழுத்து வந்திருக்கிறார்கள். ஸ்டூலில் உட்கார வைத்தேன். அவர் மனைவி சுவரோரம் நின்றாள். வீட்டில் ஒருத்தருக்காவது என்ன எடுத்தோம் என்று தெரிந்திருக்க வேண்டும், அது என் விதி.

அவர் பின்னாலிருந்து சொன்னார். கலாசியின் கை பாரத்துக்கு வெளியே தெரிந்தது. அதற்கு முன்னால் சத்தம். அதற்கு முன்னால், கலாசி கீழே நின்று நிறுத்து என்று கையைத் தூக்கியது. முதல் இரண்டு நொடி இவர் அதைப் பார்க்கவில்லை, பார்த்தபோது பாரம் இறங்கிக்கொண்டிருந்தது. சட்டைப் பையிலிருந்து வெற்றிலைப் பொட்டலத்தை எடுத்துக்கொண்டிருந்தார். அதற்கு முன்னால் ஏணி ஏறிக் கேபினுக்குப் போனது. அதற்கு முன்னால் பத்து மணி டீ. கலாசி ஒரு பன்னை இரண்டாகப் பிட்டுப் பாதியை இவருக்குக் கொடுத்தார். பையன் ஏபிசிடி முழுக்கச் சொல்லிவிட்டான், நடுவில் ஒரு எழுத்தை மட்டும் முழுங்குகிறான் என்று சொல்லிச் சிரித்தார்.

சங்கிலி நழுவவே இல்லை.

மூன்று தடவையும் கேட்டேன். டப்பாவில் போட்டு மெழுகு ஊற்றினேன். அவர் மனைவி என் காலைத் தொட வந்தாள். நான் காலை இழுத்துக்கொண்டேன்.

அவர் தேறிவிட்டார். சங்கிலி நழுவித்தான் சிநேகிதன் செத்தான் என்று எல்லோரையும் போல அவரும் நம்பினார். அந்த வீட்டுக்கு ரேஷன் அரிசி தூக்கிப் போனது அவர். பையனுக்குச் சைக்கிள் ஓட்டக் கற்றுக் கொடுத்தது அவர். நல்ல மனுஷன் என்று ஊரே சொல்லும். நான் தண்ணிக் குழாயில் நின்று பல்லைக் கடித்துக்கொண்டு பார்ப்பேன். அவரை நல்ல மனுஷனாகக் கடைசி வரை வைத்திருந்தது என் வீட்டுப் பரண்.

இதில் என்னை அரித்தது அவர் கிடையாது. கலாசியின் மனைவிதான். அவளுக்கு ஒரே ஒரு விஷயம் ஆறவில்லை. அன்று காலையில், முந்தின நாள் சினிமாவுக்குப் போய்விட்டு நேரம் கழித்து வந்தார் என்று அவரோடு சண்டை போட்டிருக்கிறாள். அவர் வீம்புக்கு டிபன் பாக்ஸை வாசலிலேயே வைத்துவிட்டுப் போய்விட்டார். காலையிலும் சாப்பிடவில்லை. ஒவ்வொரு வருஷமும் தெவசம் முடிந்ததும் எனக்கு இலை போட்டுவிட்டு எதிரில் உட்கார்ந்து இதையே சொல்வாள்.

"கொலப் பட்டினியா போச்சுக்கா அந்த மனுசன். வவுத்துல ஒண்ணுமில்லாத போய்ச் சேந்துட்டாரு. என் வாயாலதான்."

கேன்டீனிலும் அப்படித்தான். சாப்பிடவில்லை என்று யாராவது சொன்னால் இரண்டு ஆள் சோற்றைக் கொட்டுவாள். ஆபீசர் வந்து திட்டினாலும் கேட்க மாட்டாள்.

பாதி பன் சாப்பிட்டாருமே, டீயும் குடிச்சாரு, சிரிச்சாரு என்று சொல்ல எனக்கு ஒரு நிமிஷம் போதும். சொன்னால் உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்பாள். அதைச் சொன்னால் வெற்றிலைப் பொட்டலத்தையும் சொல்ல வேண்டும். அவள் போட்ட சோற்றைச் சாப்பிட்டுவிட்டு, கை கழுவிவிட்டு, ஒவ்வொரு வருஷமும் வாயை மூடிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். துடுக்கு வாய்.

கிரேன்காரர் மஞ்சள் காமாலையில் செத்துப் போனார். டப்பாவை என்ன செய்ய என்று அவர் மனைவியைக் கேட்டேன். "எனக்கு வாணாங்க்கா, அது பாட்டுக்கு அங்கியே கெடக்கட்டும்" என்றாள். கிடந்தது.

கலாசியின் மகன் ஐ.டி.ஐ. படித்து, அப்ரண்டிஸ் முடித்து அதே பேக்டரியில் சேர்ந்தான். அப்பா வேலை பார்த்த ஷாப்பிலேயே, அதே பட்டறையிலேயே, போடுங்கள் என்று கேட்டு வாங்கினான். அந்த ஷாப்பில் காலியாக இருந்த டோக்கன் எண்ணை அவனுக்குக் கொடுத்தார்கள். செத்த ஆளின் எண்ணைப் புது ஆளுக்குக் கொடுப்பது அங்கே வழக்கம். அது யாருடைய எண் என்று நான் கேட்கவில்லை. என் வீட்டுக்காரரும் நினைக்கவில்லை. தினம் நூறு எண்ணைப் பார்க்கிறவர், எண்ணுக்குப் பின்னால் இருக்கிற ஆளைப் பார்ப்பதை எப்போதோ விட்டுவிட்டார்.

அவன் சேர்ந்து ஒரு வருஷத்தில் அவன் முகத்துக்கு நேராகச் சாணைக்கல் வெடித்தது. கண்ணாடி போட்டிருந்ததால் பிழைத்தான். ஆனால் மிஷின் பக்கம் போனாலே வாந்தி எடுத்தான். அவன் அம்மா கூட்டி வந்தாள். எடுத்து டப்பாவில் போட்டேன். வீட்டுக்காரர் எண் எழுதிப் பரணில் அந்த எண்ணுக்கான இடத்தில் பின்னால் வைத்தார். முன்னால் அதே எண்ணில் இன்னொன்று இருப்பதை ஸ்டூல் மேல் நின்று பார்த்தவர் அவர்தான். ஒரே எண்ணில் இரண்டு என்றால் ஒரே ஆளுடையது என்றுதான் அவர் மூளைக்குப் பட்டது.

பயம் போனதில் வேறு வம்பு வந்தது. பையன் கண்ணாடி போடாமல் சாணை பிடித்தான். கல்லுக்கு மூடி போடவில்லை. மேஸ்திரி இரண்டு தடவை புகார் எழுதிக் கொடுத்துவிட்டார். அவன் அம்மாதான் சொன்னாள், "பயமில்லாத பையன வச்சிகினு நான் இன்னா பண்ணட்டும்? கண்ணு போயிடும்டா. போய் அந்த டப்பாவத் திரும்ப வாங்கிக்கோ." சரியான பேச்சுதான். நானும் சரி என்றேன்.

அவன் வாங்க வந்த சனிக்கிழமை நான் பூந்தமல்லியில் தங்கச்சி வீட்டில் இருந்தேன். வீட்டுக்காரர் எண்ணைக் கேட்டார், ஸ்டூல் போட்டு ஏறினார், கை பழக்கத்தில் முன்னால் இருந்ததை எடுத்துக் கொடுத்தார்.

திங்கட்கிழமை மத்தியானம் நான் வந்தபோது அவன் எங்கள் வாசற்படியில் உட்கார்ந்திருந்தான். வேலைக்குப் போகவில்லை. கை அடிக்கடி சட்டைப் பைக்குப் போய்த் துழாவியது.

"இன்னாடா தேடற?"

"வெத்தல, அத்தே."

"நீ எப்ப வெத்தல போட ஆரம்பிச்ச?"

"நான் போட்டதே இல்லியே." என்னை நிமிர்ந்து பார்த்தான். "அத்தே, எங்கப்பா மேல பாரத்த எறக்கனது நான்தான்."

எனக்கு அப்போதே புரிந்துவிட்டது. இருந்தாலும் ஸ்டூல் போட்டு ஏறிப் பார்த்தேன். பின்னால் அவனுடைய டப்பா மெழுகு கலையாமல் இருந்தது. முன்னால் கிரேன்காரர் டப்பா இருந்த இடம் காலி.

சாயங்காலம் வீட்டுக்காரர் வந்ததும் நான் போட்ட சத்தம் சேக்காடு வரை கேட்டிருக்கும். "யோவ், வருஷத்தப் பாத்தியா? அதுல வருஷம் எழுதினது யாரு? நீதான?" அவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றார்.

"பழசத்தானளா முதல்ல எடுக்கணும்" என்றார். "எப்பவும் அப்படித்தான எடுப்போம்." பிறகு அங்கேயே தரையில் உட்கார்ந்தார். அதற்கு மேல் அவரைத் திட்ட எனக்குத் தெம்பு இல்லை.

உடனே எடுத்துவிடலாம் என்று பையனைக் கூப்பிட்டேன். மாட்டேன் என்றான்.

"அவரு கொரல் எனக்குத் தெரியாது அத்தே. எங்க ஊட்ல போட்டோ ஒண்ணு கீது, அதுல மொறச்சிகினு நிப்பாரு. இப்ப அவரு சிரிக்கறாரு. பன்ன பிட்டுக் குடுக்கறாரு. நான் ஏபிசிடி சொன்னத சொல்றாரு. அத்தப் போய்க் குடுக்கச் சொல்றியா?"

"அதுக்கப்புறம் இருக்கறதையும் சேத்துதானடா வச்சிகினு கீற."

"வச்சிக்கறேன்."

மூன்று வாரம் வைத்திருந்தான். பாதியாக இளைத்தான். அவன் அம்மா சாணைக்கல் ஞாபகம்தான் திரும்ப வந்து படுத்துகிறது என்று நினைத்து, "நான்தான்க்கா திரும்ப வாங்கிக்கோன்னு சொன்னேன், மறுபடி எடுத்துடு" என்று என்னிடம் அழுதாள். அப்படியே நினைத்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டேன். ஒரு நாள் காலை பட்டாபிராமிலிருந்து வந்த ஒருத்தர், பையன் நெமிலிச்சேரி தாண்டித் தண்டவாள ஓரமாக நிற்கிறான் என்று சொன்னார். போனேன். கிரேன்காரர் நின்ற அதே இடம். காலுக்கு அவனுடைய புத்தியா வழி காட்டியது? சட்டைக் காலரைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தேன். வழியெல்லாம் திட்டினேன். அவன் சின்னப் பிள்ளை மாதிரி வந்தான்.

வரும் வழியில்தான் கேட்டான். "எங்கம்மாவுக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"உனக்கு?"

"தெரியும்."

"எப்பலேந்து?"

நான் நடந்துகொண்டே இருந்தேன்.

"தெவசத்துக்குத் தெவசம் வந்து எல போட்டுத் துன்னியே அத்தே. எங்கம்மா பட்டினி பட்டினின்னு அழும்போது எதுர்ல தான உக்காந்துகினு இருந்த."

எனக்கு இந்த மாதிரி யாரும் முகத்துக்கு நேராகச் சொன்னதில்லை.

நர்ஸ் சொன்ன விதி அப்போதுதான் எனக்கு வேறு மாதிரி பட்டது. பின்னாலிருந்து சொன்ன இடம் வரைக்கும்தான் போகும். ஏணியோடு நிறுத்தினால் டீ நிற்கும். இதுவரை யாரையும் பாதியில் நிறுத்தியதில்லை. என்ன ஆகும் என்று எனக்குத் தெரியாது. அவனிடம் சொன்னேன். யோசித்துவிட்டு, "சரி. ஆனா நீ அம்மாகிட்ட சொல்லணும்" என்றான். "நான் மறந்துடுவேன். நீதான் சொல்லணும். எல்லாத்தையும்." சொல்கிறேன் என்று பைபிள் மேல் கை வைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து வந்து செய்தோம். வீட்டுக்காரர் வாளியில் தண்ணீர் நிரப்பிவிட்டு வெளியே போய் நின்றுகொண்டார். மூன்றாவது தடவை அவன் பாரத்துக்கு வெளியே தெரிந்த கையைச் சொன்னான், சத்தத்தைச் சொன்னான், தூக்கிய கையைச் சொன்னான், வெற்றிலைப் பொட்டலத்தைச் சொன்னான், கேபினைச் சொன்னான். ஏணிப்படிகளை மேலிருந்து கீழே ஒவ்வொன்றாகச் சொன்னான். கடைசிப் படி வந்ததும் அவன் வாயை என் கையால் பொத்தினேன். மறு கையால் இடுக்கியை விட்டு வேஸ்டைப் பிடுங்கினேன். அவன் உடம்பு தூக்கிப் போட்டது. அடங்கக் கொஞ்ச நேரம் ஆனது.

"இன்னா ஞாபகம் கீது?"

"டீ குடிக்கறோம். பன்னு. அவரு சிரிக்கறாரு."

"அப்பறம்?"

"அப்பறம் ஏணில காலு வெக்கறேன். அவ்ளோதான்." சுற்றிப் பார்த்தான். "யாரோட டப்பாவோ மாறி வந்துச்சு இல்ல அத்தே?"

டப்பாவில் போட்டு மெழுகு ஊற்றினேன். வீட்டுக்காரர் பெயின்டையும் பிரஷ்ஷையும் எடுத்து வந்தார். "பேரு எழுதட்டா?" என்று கேட்டார். யார் பேரை என்று கேட்டேன். பிரஷ்ஷோடு நின்றார். பெயின்ட் தரையில் சொட்டியது. எதுவும் எழுதாமலேயே மேலே வைத்துவிட்டார்.

பையன் வேலைக்குப் போனான். தன்னுடைய சொந்த டப்பாவையும் வாங்கிக்கொண்டு ஒழுங்காகக் கண்ணாடி போட்டான். ஏணி ஏறுகிற வேலை வந்தால் மட்டும் முதல் படியில் காலை வைத்துவிட்டு ஒரு நிமிஷம் அப்படியே நிற்கிறான், கேலி பண்ணுகிறார்கள் என்று வீட்டுக்காரர் சொன்னார்.

என்னை எங்கே பார்த்தாலும் கேட்பான். "அத்தே, அம்மாகிட்ட சொல்லிட்டியா?" என்ன சொல்ல வேண்டும் என்பது அவனுக்குத் தெரியாது. நான் எதையோ சொல்வதாக ஒத்துக்கொண்டேன் என்பது மட்டும் ஞாபகம் இருந்தது. "சொல்லிட்டேன்டா" என்பேன். பைபிள் மேல் வைத்த கைதான். இரண்டு வருஷம் இப்படியே ஓட்டினேன்.

அவன் அம்மா ஒரு நாள் தண்ணிக் குழாயில் சிரித்துக்கொண்டே சொன்னாள். "இவன் அப்பனக் கனவுல பாக்கறானாம்க்கா. டீக்கடையில பன்னு பிட்டுக் குடுக்கறாராம். அவரு எங்க குடுப்பாரு, முழுசா அவரே துன்னுடுவாரு." நான் குடத்தை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

தொண்ணூறுகளின் கடைசியில் வீட்டுக்காரர் ரிட்டயர் ஆனார். குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு நெமிலிச்சேரியில் கட்டிய வீட்டுக்குப் போக வேண்டும். டப்பாக்காரர்கள் வீட்டுக்கெல்லாம் போய் வாங்கிக்கொள்ளுங்கள் என்றேன். ஒருத்தரும் வாங்கவில்லை. ஒருத்தர் கதவையே திறக்கவில்லை. தொல்லை போனதும் டப்பா யாருடையது என்று கேட்கிற ஜனம்.

டெம்போ வந்து நின்றது. கலாசியின் மனைவி வழியில் சாப்பிடப் புளிச்சோறு கட்டிக் கொண்டு வந்தாள். ஆவடியிலிருந்து நெமிலிச்சேரிக்கு எதற்குக் கட்டுச்சோறு? அவள் அப்படித்தான். பையன் டிரங்குப் பெட்டியைத் தூக்கி வண்டியில் வைத்துவிட்டு, "அத்தே, சொல்லிட்ட தான?" என்றான். அவன் அம்மா பக்கத்திலேயே நின்றாள்.

"இன்னாடா சொன்னாங்க?" என்றாள்.

அவன் என்னைப் பார்த்தான்.

"உள்ள வாமே" என்றேன்.

காலி வீட்டில் பேச்சு எதிரொலித்தது. எழுத்தில்லாத டப்பாவைப் பெட்டியில் போடாமல் தனியாகத்தான் வைத்திருந்தேன். அதைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னேன். பின்னாலிருந்து சொல்லிப் பழகியவள், முதல் தடவையாக முன்னாலிருந்து சொன்னேன். டீ, பன், ஏபிசிடி, ஏணி, பொட்டலம், பாரம். அவள் பையனுக்கு என்ன ஆனது என்பதையும் சொன்னேன். நான் எத்தனை வருஷம் வாயை மூடிக்கொண்டிருந்தேன் என்பதையும் சொன்னேன். அடிப்பாள் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அவள் சுவரில் சாய்ந்து அப்படியே கீழே உட்கார்ந்தாள்.

"அந்தப் பன்னு," என்றாள், "அன்னிக்கா?"

"அன்னிக்குத்தான். பத்து மணி டீக்கு."

"முழுசாவா துன்னாரு?"

"பாதி. பாதிய அவருக்குக் குடுத்தாரு."

"டீயி?"

"குடிச்சாரு. முழுசா."

முந்தானையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டாள். வெளியே டிரைவர் ஹாரன் அடித்தான்.

"அந்தம்மாவுக்குத் தெரியுமா?" கிரேன்காரர் மனைவியைக் கேட்கிறாள்.

"தெரியும்."

"அதான் வருஷா வருஷம் அவங்க ஊட்டு மொதப் பொங்கல் எங்க ஊட்டுக்கு வந்துச்சா." எழுந்தாள். என் கையிலிருந்த டப்பாவை வாங்கி, பால் பவுடர் மிச்சம் இருக்கிறதா என்று பார்ப்பது மாதிரி காதோரம் வைத்து ஆட்டிப் பார்த்தாள். மெழுகில் நகத்தை வைத்தாள். கீறவில்லை. திரும்ப என் கையில் திணித்தாள்.

"நீயே எடுத்துகினு போ. எங்க ஊட்டுப் பரண்ல எடம் இல்ல."

வண்டியில் ஏறும்போது அவள் என்னைப் பார்க்கவில்லை. புளிச்சோற்றுப் பொட்டலத்தை வீட்டுக்காரர் மடியில் வைத்துவிட்டுப் போனாள். அதற்குப் பிறகு எந்தத் தெவசத்துக்கும் என்னைக் கூப்பிடவில்லை. கூப்பிடாததில் எனக்கு வருத்தம் இல்லை. அவள் கூப்பிட்டிருந்தால்தான் என்ன முகத்தோடு போவது?

நெமிலிச்சேரியில் வீடு கட்டும்போதே எனக்குப் பரண் வேண்டாம் என்று கொத்தனாரிடம் கண்டிப்பாகச் சொல்லியிருந்தேன். பரண் இல்லாத வீடு என்ன வீடு என்று, என்னைக் கேட்காமலேயே கொத்தனார் கட்டி வைத்திருந்தார்.